பிஎஸ்4 இரைந்து அணைகிறதா? கடற்கரை ஊரில் தூசி எடுக்கும் முறை

மட்டக்களப்பு, கல்லடியில் இருக்கும் ஒரு தம்பி கேட்டிருப்பது சுருக்கமாக இதுதான். பாவித்த பிளேஸ்டேஷன் 4 (பிஎஸ்4) கேம் கொன்சோல் ஒன்று வாங்கியிருக்கிறார், முதலில் வந்த தடித்த மாடல். கேம் போட்டுக் கொஞ்ச நேரத்தில் உள்ளே இருக்கும் ஃபேன் இரையத் தொடங்குகிறது. பிறகு அளவுக்கு மீறிச் சூடாகிவிட்டது என்று திரையில் எழுத்து வருகிறது, அப்படியே அணைந்துவிடுகிறது. டயர் கடையில் கொடுத்து நன்றாகக் காற்றடித்தால் போதும் என்று கூட்டாளி சொல்கிறாராம். அடிக்கலாமா, தானே கழற்றலாமா, கடைக்குத்தான் கொண்டுபோக வேண்டுமா?

டயர் கடைக்கு வேண்டாம். ஸ்குரூட்ரைவர் பிடித்துப் பழக்கமும் அவசரமில்லாத ஒரு பகல் பொழுதும் இருந்தால் நீங்களே கழற்றலாம், தம்பி. கல்முனையில் இந்த வேலையைச் செய்துவருகிறவன் என்ற முறையில் சொல்கிறேன்: எங்களிடம் வரும் பெட்டிகளில் பெரும்பாலானவற்றுக்குத் தேவைப்படுவது பொறுமையும் ஒரு பிரஷ்ஷும்தான்.

முதலில் இது தூசிதானா என்று பாருங்கள். கேம் ஓடி ஃபேன் இரைகிற நேரத்தில் பெட்டிக்குப் பின்பக்கம் உள்ளங்கையை வையுங்கள். சத்தம் பெரிதாக இருக்கிறது, ஆனால் கையில் காற்று மெல்லியதாகத்தான் படுகிறது என்றால் வழி அடைபட்டிருக்கிறது, அது தூசி. காற்று வேகமாக வருகிறது, ஆனால் இளஞ்சூடுதான், அப்படியும் அணைகிறது என்றால் சிப்பின் சூடு, அதை வாங்கிக் காற்றுக்கு விடும் வெப்பத்தகட்டுக்கே (ஹீட்சிங்க்) போய்ச் சேரவில்லை. இடையில் பூசியிருக்கும், சூட்டைக் கடத்தும் தேர்மல் பேஸ்ட் காய்ந்துபோயிருக்கும். சத்தமே இல்லாமல் சூடாகி அணைந்தால் ஃபேனைச் சந்தேகிக்க வேண்டும். எந்த எச்சரிக்கையும் இல்லாமல் பட்டென்று அணைகிறது, பெட்டியும் பெரிதாகச் சூடில்லை என்றால் பவர் சப்ளையையோ வீட்டுக் கரண்டையோ பாருங்கள். தூசி தட்டி அது திருந்தாது. மெனு மெதுவாக நகர்வது, டிஸ்க் வாசிக்காதது எல்லாம் வேறு கதை.

இப்போது முக்கியமான விஷயம். இணையத்தில் பார்க்கும் வீடியோக்களில் பெட்டியைத் திறந்து ஒரு ஊது ஊதினால் தூசி மேகமாகப் பறக்கும். அதை நம்பி நம் ஊரில் ஊதிவிட்டு, மேலாகப் பறந்ததைப் பார்த்துத் திருப்தியோடு மூடிவிடுகிறார்கள். கீழே ஒட்டியிருப்பது அப்படியே இருக்கிறது. காரணம் உப்பு. சாதாரண உப்பு, காற்றின் ஈரப்பதம் 75 வீதத்தைத் தாண்டினால் காற்றிலிருந்தே நீரை இழுத்துக் கரையத் தொடங்கும். கல்லடி, நாவலடி, காத்தான்குடி, கல்முனை, அக்கரைப்பற்று என்று கரையோரம் முழுவதும் இரவில் அந்த அளவைத் தாண்டுவது சர்வசாதாரணம். கல்லடிக்கு ஒரு பக்கம் கடல், மறு பக்கம் வாவி. பகலில் பெட்டி சூடாகி அந்தத் தூசி காயும், இரவில் திரும்பவும் நனையும். இப்படிப் பல மாதம் நனைந்து காய்ந்த தூசி ஊதினால் போகாது, சுரண்டித்தான் எடுக்க வேண்டும். அதோடு ஈர உப்பு கரண்டைக் கடத்தும், உலோகத்தையும் அரிக்கும்.

இதில் காற்றுகளுக்கும் பங்குண்டு. மே அளவில் தொடங்கி செப்டெம்பர் வரை கச்சான் அடிக்கும். தென்மேற்குப் பருவக்காற்று மலைநாட்டின் மேற்குப் பக்கத்தில் மழையைக் கொட்டிவிட்டு, இந்தப் பக்கம் இறங்கும்போது காய்ந்து சூடாகி வருகிறது. தரையிலிருந்து வருவதால் கிரவல் ரோட்டுப் புழுதி, வயல் புழுதி எல்லாவற்றையும் வீட்டுக்குள் கொண்டுவந்து போடும். பிறகு நவம்பர், டிசம்பர், ஜனவரியில் வாடைக்காற்று கடல் பக்கத்திலிருந்து ஈரத்தையும் உப்பையும் கொண்டுவரும். கச்சான் போட்டுவைத்த தூசியை வாடை வந்து பசையாக்குகிறது. அதனால் வருடத்துக்கு ஒரு தடவைதான் திறப்பேன் என்றால், செப்டெம்பர் கடைசியில், மாரி தொடங்க முன் திறந்து துப்புரவாக்குங்கள். தூசி காய்ந்திருக்கும், பிரஷ்ஷுக்கு வரும். மழைக்காலத்தில் பெட்டியைத் திறந்து கழுவி விளையாடாதீர்கள். உள்ளே விட்ட ஈரம் காய நாள் எடுக்கும்.

சம்மாந்துறைப் பக்கம், அம்பாறைப் பக்கம் இருப்பவர்களுக்கு உப்பு குறைவு, ஆனால் அறுவடைத் தூசி உண்டு. பெரும்போகம் பெப்ரவரி, மார்ச்சில், சிறுபோகம் ஆகஸ்ட், செப்டெம்பரில் வெட்டும்போது மெஷின் கிளப்புகிற பதர்த்தூசி நாள்கணக்கில் காற்றில் நிற்கும். நெல் உமியில் சிலிக்கா அதிகம், கரடுமுரடானது. ஃபேனுக்கு நல்லதல்ல. ஒவ்வொரு வெட்டு முடிந்த பிறகும் வெளித்துளைகளையாவது துடையுங்கள்.

வீட்டுக்குள்ளேயே உருவாகும் பசையும் இருக்கிறது. நுளம்புத்திரி, சாம்பிராணி, சிகரெட், அடுப்படி எண்ணெய்ப்புகை எல்லாம் தூசியை ஒட்டவைக்கும். நுளம்புத்திரியைக் கொன்சோலுக்குப் பக்கத்தில் தரையில் வைக்கிற பழக்கம் பல வீடுகளில் இருக்கிறது. அந்தப் பெட்டிகளைத் திறந்தால் உள்ளே மஞ்சள் படிந்திருக்கும், மணத்திலேயே தெரியும்.

டயர் கடைக் காற்றுக்கு வருகிறேன். கொம்பிரசர் காற்றை அமுக்கும்போது அதிலிருக்கும் நீராவி தொட்டிக்குள் தண்ணீராக இறங்கும். நம் ஊரின் ஈரக்காற்றில் அது கொஞ்சநஞ்சமல்ல. தொட்டிக்கு அடியில் அதைத் திறந்துவிட ஒரு டெப் இருக்கும். கடைசியாக எப்போது திறந்தீர்கள் என்று கடைப் பெடியனிடம் கேட்டுப் பாருங்கள், சிரிப்பார். பிஸ்டனுக்கு ஊற்றும் எண்ணெயும் கொஞ்சம் கலந்து வரும். சந்தேகம் இருந்தால் ஒரு வெள்ளைத் தாளைப் பிடித்து அதன்மேல் அந்தக் காற்றை அடித்துப் பாருங்கள். தாளில் ஈரப்புள்ளிகள் விழும், சிலவற்றில் எண்ணெய் மஞ்சளும் தெரியும். அதைத்தான் போர்டின் (மின்சுற்றுப் பலகையின்) மேல் அடிக்கப் போகிறீர்கள். உப்புத்தூசி இருக்கும் இடத்தில் தண்ணீரும் சேர்ந்தால் என்ன நடக்கும் என்று சொல்லத் தேவையில்லை. வேகம் அடுத்த பிரச்சினை. கார் டயருக்கு முப்பது சொச்சம் பிஎஸ்ஐ அழுத்தம் போதும், தொட்டியில் இருப்பது நூறுக்கு மேல். பக்கத்தில் பிடித்து அடித்தால் ஃபேன் அதற்குரிய வேகத்தை மீறிச் சுழலும், பேரிங் கெடும். கையால் சுழற்றினாலும் காற்றால் சுழற்றினாலும் ஃபேன் மோட்டர் ஒரு சின்ன ஜெனரேட்டர்தான். எதிர்த்திசையில் போர்டுக்குள் கரண்டை அனுப்பக்கூடும்.

அப்போ எதைப் பாவிப்பது? ஹார்ட்வெயார் கடையில் கிடைக்கும் கையடக்க எலெக்ட்ரிக் புளோவர் நல்லது. அது அறைக்காற்றைத்தான் தள்ளுகிறது, தொட்டி இல்லை, தண்ணீர் இல்லை. ஒரு அடி தள்ளிப் பிடித்துக் குறுகிய தடவைகளாக அடியுங்கள். டின்னில் வரும் காற்று வாங்கினால் நிமிர்த்தியே பிடியுங்கள். சாய்த்தால் உள்ளே இருக்கும் திரவம் உறைகுளிராக வெளியே பீச்சும். அது தீப்பற்றக்கூடிய வாயு என்பதால் அடுப்பு, நுளம்புத்திரி இருக்கும் இடத்தில் வேண்டாம். கெமராக்காரர் பாவிக்கும் ரப்பர் புளோவர் சின்ன மூலைகளுக்கு உதவும். முடி உலர்த்தி இருந்தால் குளிர்ப்பக்கம் மட்டும். வெக்கியூம் கிளீனரை வெளித்துளைகளுக்குப் பாவிக்கலாம். திறந்த போர்டுக்குக் கிட்டக் கொண்டுபோக வேண்டாம், பிளாஸ்டிக் வாயில் நிலைமின்சாரம் சேரும். மழைக்காலத்தில் இந்த ஆபத்து குறைவு, கச்சான் நாட்களில் அதிகம். வேலை தொடங்க முன் ஏதாவது பெரிய இரும்புச் சாமானைத் தொட்டுக்கொள்ளுங்கள்.

மற்றச் சாமான்கள்: மயிர் மென்மையான ஒரு அங்குலப் பெயின்ட் பிரஷ், புதிய பல் பிரஷ், காதுக்குச்சி, மரத்தாலான பல்குத்தும் குச்சி, பிலிப்ஸ் ஸ்குரூட்ரைவர், நடுவில் துளையுள்ள டோர்க்ஸ் (நட்சத்திர வடிவ) முனை. டி8, டி9 அளவுகள் இரண்டும் உள்ள செட்டாக வாங்கினால் மாடல் பார்த்துத் தடுமாற வேண்டாம். சாதாரண டோர்க்ஸ் நுழையாது, அந்த ஸ்குரூவின் நடுவில் ஒரு சிறு முளை இருக்கும். துடைக்க ஐசோபுரொப்பைல் அல்ககோல், 99 வீதம் என்று போட்டது. பார்மசியில் காயத்துக்குத் தரும் ஸ்பிரிட்டில் தண்ணீர் கலந்திருக்கும். வெளிப்பிளாஸ்டிக் துடைக்க அது போதும், போர்டுக்கு வேண்டாம்.

கழற்றுவோம். எல்லா வயரையும் பிடுங்கி அரை மணி நேரம் விட்டுவையுங்கள். மேல்மூடியில் பளபளப்பாக இருக்கும் பாதியை ஓரமாக இழுத்தால் நழுவி வரும். அதற்குள் ஹார்ட் டிஸ்க்கைப் பிடித்திருக்கும் ஸ்குரூவைப் பார்த்தவுடனே தெரியும், முக்கோணம், வட்டம், பெருக்கல், சதுரம் நான்கையும் தலையில் பொறித்திருக்கிறார்கள். அதைக் கழற்றி டிஸ்க்கை வெளியே எடுத்துத் துணியில் சுற்றிப் பத்திரமாக வையுங்கள். விளையாடிச் சேமித்து வைத்த கேம் சேவ் எல்லாம் அதற்குள் இருக்கிறது. காற்றும் அதிர்ச்சியும் அதற்குத் தேவையில்லை.

பின்பக்க ஸ்குரூக்களில் சில ஸ்டிக்கருக்குக் கீழே ஒளிந்திருக்கும். பாவித்த பெட்டி என்றால் ஸ்டிக்கர் முன்பே கிழிந்திருக்கலாம். அப்படியென்றால் உங்களுக்கு முன்னால் யாரோ உள்ளே போயிருக்கிறார் என்று அர்த்தம், கவனமாகப் பாருங்கள். வாரண்டி இருக்கிற புதுப் பெட்டி என்றால் ஸ்டிக்கரைத் தொடாமல் கடைக்காரரிடம் கேளுங்கள். கட்டாரிலிருந்தோ துபாயிலிருந்தோ சொந்தக்காரர் கொண்டுவந்ததற்கு இங்கே வாரண்டி தேடுவது பெரும்பாலும் வீண் அலைச்சல்.

ஸ்குரூக்களை எடுத்ததும் பெட்டியைக் கவிழ்த்து அடிமூடியைத் தூக்குங்கள். கண்ணில் படும் பெரிய கறுப்புப் பெட்டிதான் பவர் சப்ளை. அதன் ஸ்குரூக்களைக் கழற்றி, பக்கத்தில் செருகியிருக்கும் சிறு வயர்க்கட்டையும் எடுத்துவிட்டு நேராக மேலே தூக்க வேண்டும். கீழே போர்டிலிருந்து நிற்கும் பின்களில் அது செருகியிருக்கிறது, சாய்த்து இழுத்தால் வளைந்துவிடும். ஸ்குரூக்கள் ஒரே நீளமில்லை. ஒரு கார்ட்போர்ட் துண்டில் பெட்டியின் படத்தைக் கீறி, எந்த இடத்து ஸ்குரூவோ அந்த இடத்திலேயே குத்திவையுங்கள். ஒவ்வொரு கட்டத்திலும் போனில் ஒரு போட்டோ எடுத்துக்கொள்ளுங்கள். பவர் சப்ளையை மட்டும் பிரிக்கவே கூடாது. பிளக்கைப் பிடுங்கிய பிறகும் அதிலிருக்கும் பெரிய கெபாசிட்டரில் கரண்ட் தங்கியிருக்கும், அது சும்மா விடாது. காற்று வெளியேறும் பக்கத்திலிருந்து புளோவரால் அடித்துத் தூசியை வெளியேற்றினால் போதும். கம்பி, ஊசி எதையும் துளைக்குள் விடாதீர்கள்.

இப்போது ஃபேனும் அதை ஒட்டிய வெப்பத்தகடும் தெரியும். ஃபேன் இறக்கைகளில் சாம்பல் நிறத்தில் ஓரம் கட்டியிருப்பதைப் பார்த்து அதையே துடைத்துக்கொண்டிருப்பார்கள். நோய் அங்கே இல்லை. ஃபேன் காற்றைத் தள்ளுகிற இடத்தில் வெப்பத்தகட்டின் மெல்லிய தகடுகள் நெருக்கமாக நிற்கின்றன அல்லவா, அவற்றின் வாயைப் பாருங்கள், டோர்ச் அடித்து. தலைமயிர், துணி நூல், புழுதி எல்லாம் அழுந்தி, ஒரு கம்பளித் துண்டை வெட்டி வைத்தது போல நீளமாக அடைத்திருக்கும். கடற்கரைப் பெட்டிகளில் அதன் அடிப்பக்கம் ஈரமாக, தொட்டால் பிசுபிசுக்கும். இதை முதலில் ஊதாதீர்கள், ஊதினால் உடைந்து தகடுகளுக்குள் ஆழமாகப் போய் இறுகும். மரக்குச்சியால் ஒரு மூலையைக் கிளப்பினால் பெரும்பாலும் முழுத்துண்டாகவே உரிந்து வரும். மிச்சத்தைப் பல் பிரஷ்ஷால் தகடுகள் நிற்கும் திசையிலேயே இழுங்கள், குறுக்கே தேய்த்தால் தகடு வளையும். ஒட்டிக்கொண்டிருப்பதில் காதுக்குச்சியால் அல்ககோல் தொட்டு இளக்கி எடுங்கள். இவ்வளவும் முடிந்த பிறகுதான் புளோவர். அடிக்கும்போது ஒரு விரலால் ஃபேனை அசையாமல் பிடித்துக்கொள்ள வேண்டும்.

ஃபேன் இறக்கைகளை அல்ககோல் தொட்ட துணியால் ஒவ்வொன்றாகத் துடையுங்கள். ஒரு பக்கம் மட்டும் அழுக்கை விட்டால் எடை சரிந்து அதிரும், பிறகு வேறு மாதிரியான சத்தம் கேட்கும். அப்படியே ஒரு தடவை போர்டின் ஓரங்களையும் எச்டிஎம்ஐ வாயையும் பாருங்கள். ஸ்குரூத்தலையில் துரு என்றால் பரவாயில்லை. செம்பு இருக்கும் இடங்களில் பச்சை பூத்திருந்தால் உப்பு வேலையைத் தொடங்கிவிட்டது. அதை நீங்கள் சுரண்ட வேண்டாம், போர்டு வேலை தெரிந்தவரிடம் காட்டுங்கள். எறும்புக்கூடு, பல்லி முட்டை, கரப்பான் புழுக்கை எல்லாமும் கிடைக்கும், ஆச்சரியப்படாதீர்கள். பிஎஸ்4இன் பவர் சப்ளை பெட்டிக்குள்ளேயே இருப்பதால் உள்ளே எப்போதும் ஒரு கதகதப்பு, கரப்பானுக்கு அது போதும். பவர் சப்ளைக்குள் பல்லி செத்துக் கிடப்பது தெரிந்தால் பிளக்கில் போடாமல் கடைக்குக் கொண்டுபோங்கள்.

தேர்மல் பேஸ்ட் மாற்றுவது இதற்கு அடுத்த படி. அதற்குப் போர்டை முழுதாக வெளியே எடுக்க வேண்டும். பிஎஸ்4 வெளிவந்தது 2013 நவம்பரில். உங்கள் பெட்டி அந்தக் காலத்தது என்றால் பேஸ்ட் காய்ந்துதான் இருக்கும். ஆனாலும் முதல் தடவையே இரண்டையும் சேர்த்துச் செய்ய வேண்டாம். தூசியை எடுத்து மூடி, அணைய வைத்த அதே கேமைப் போட்டுப் பாருங்கள். பாதிப் பேருக்கு மேல் அங்கேயே பிரச்சினை தீர்ந்துவிடும் என்பது என் அனுபவம்.

பிஎஸ்5 வைத்திருப்பவர்களுக்கு வேலை சுலபம். வெள்ளை மூடிகள் ஸ்குரூ இல்லாமலே தூக்கி நகர்த்தினால் வரும். 2023இல் வந்த மெல்லிய மாடலில் அது நான்கு துண்டு. உள்ளே தூசி தேங்குவதற்கென்றே இடம் ஒதுக்கி, வெக்கியூம் வைத்து உறிஞ்சத் துளையும் விட்டிருக்கிறார்கள். ஃபேனையும் பிரஷ்ஷால் துடைக்கலாம். அதற்கு மேல் போக வேண்டாம். அதில் சிப்புக்கும் வெப்பத்தகட்டுக்கும் இடையில் பேஸ்டுக்குப் பதிலாகத் திரவ உலோகம் பூசியிருக்கிறது. அது கரண்டைக் கடத்தும், ஒரு துளி போர்டில் வழிந்தால் பெட்டி போய்விடும். பிஎஸ்4 திறந்து பழகிய கையோடு இதையும் திறந்து, பிறகு வருத்தப்பட்டு வருகிறவர்கள் இருக்கிறார்கள். பழைய எக்ஸ்பாக்ஸ் ஒன் என்றால் பவர் சப்ளை வெளியே தனிப்பெட்டியாக இருக்கும், அதற்குள்ளும் ஒரு சின்ன ஃபேன் உண்டு, அதன் துளைகளை மறக்காதீர்கள்.

வைக்கிற இடம் சரியில்லை என்றால் இவ்வளவு பாடும் ஒரு மாரிக்குத்தான். கண்ணாடிக் கதவு போட்ட ஷோகேஸுக்குள் கொன்சோல் வைப்பது நம் வீடுகளில் பெரிய வியாதி. தூசி வராது என்று உம்மாமாரும் அம்மாமாரும் சொல்வார்கள், உண்மைதான், காற்றும் வராது. பெட்டி தான் கக்கிய சூட்டையே திரும்ப இழுக்கும். சுவரிலிருந்து 10 சென்டிமீட்டராவது தள்ளி, தரையிலிருந்து உயர்த்தி, பாய் கார்ப்பெட் எதுவும் இல்லாத பலகையில் வையுங்கள். பூவேலை செய்த துணியால் மூடுவதென்றால் அணைத்துச் சூடு ஆறிய பிறகு மூடி, போட முன் எடுத்துவிடுங்கள். துளைகளுக்கு மேல் ஸ்டொக்கிங் துணி ஒட்டி ஃபில்டர் செய்கிறார்கள் சிலர். ஒரு மாதத்தில் அந்தத் துணியே அடைத்துக்கொள்ளும், யாரும் கழற்றிக் கழுவுவதில்லை. எனக்கு அதில் நம்பிக்கை இல்லை. அதற்குப் பதிலாக இரண்டு கிழமைக்கு ஒரு தடவை காய்ந்த பிரஷ்ஷால் வெளித்துளைகளைத் தட்டிவிடுங்கள்.

மாரி காலத்தில் சோதனை வருகிறது என்று பிள்ளைகளிடமிருந்து கொன்சோலை எடுத்து அலுமாரிக்குள் பூட்டிவைக்கிற வீடுகளுக்கு ஒரு சொல்: மாதக்கணக்கில் பூட்டிவைக்காதீர்கள். கிழமைக்கு ஒரு தடவை அரை மணி நேரம் போட்டு வையுங்கள். அதன் சூட்டிலேயே உள்ளே இருக்கும் ஈரம் வெளியேறும். பூட்டித்தான் ஆக வேண்டும் என்றால் சிலிக்கா ஜெல் பைகளோடு காற்றுப்புகாத பெட்டியில் போடுங்கள்.

தம்பி, தூசி எடுத்த பிறகும் உங்கள் பெட்டி அணைந்தால் கடைக்குக் கொண்டுபோகும்போது "சேர்விஸ் பண்ணுங்கள்" என்று மட்டும் சொல்லாதீர்கள். தூசி எடுத்தாயிற்று, பின்பக்கம் காற்று இப்படி வருகிறது, எழுத்து வந்து அணைகிறது அல்லது வராமல் அணைகிறது என்று சொல்லி, பேஸ்ட் மாற்றுவதற்கு மட்டும் விலை கேளுங்கள். கழற்றும்போது பக்கத்தில் நின்று பார்க்க விடுகிற கடையாகப் பாருங்கள். ஹார்ட் டிஸ்க்கைக் கழற்றி வீட்டிலேயே வைத்துவிட்டுப் போகலாம், பேஸ்ட் மாற்றுவதற்கு அது தேவைப்படாது.